“அனுமதி மறுக்கப்பட்டது!” – கணினிச் சாவியின் கதை

புதிதாக ஒரு மென்பொருளை நிறுவ முயலும்போதோ, ஏற்கெனவே இருக்கும் ஒன்றைத் திறக்கும்போதோ திரையின் நடுவில் ஒரு சின்னப் பெட்டி வந்து நிற்கும். ‘ஆக்சஸ் இஸ் டினைடு’. அதாவது, அனுமதி மறுக்கப்பட்டது! சில சமயம் ‘உங்கள் அட்மினிஸ்ட்ரேட்டரைத் தொடர்பு கொள்ளுங்கள்’ என்ற உபதேசமும் கூடவே வரும். காசு கொடுத்து வாங்கிய கணினி, சொந்த வீட்டு மேஜையில் இருக்கிறது. அதற்கு வேறு யார் அட்மினிஸ்ட்ரேட்டர் என்று எரிச்சல் வராதவர்கள் குறைவு.

அந்த எரிச்சலில் பலர் செய்வது, எல்லாப் பூட்டையும் ஒரேயடியாகத் திறந்து போட்டுவிடுவது. பிழைச் செய்தி போய்விடும். ஆனால் அந்தப் பூட்டு அங்கே ஏன் வந்தது என்பதற்கு அறுபது வருட வரலாறு இருக்கிறது. அதைத் தெரிந்துகொண்டால், எந்தக் கதவை எவ்வளவு திறந்தால் போதும் என்பதும் தெரிந்துவிடும்.

ஏழு மதில், பத்துக் கொத்து

அனுமதி என்றால் என்ன என்று புரிந்துகொள்ள ஸ்ரீரங்கத்தை ஒரு முறை வெளியிலிருந்து உள்ளே நடந்து பார்த்தால் போதும். 1987-ல் கட்டி முடிக்கப்பட்ட 236 அடி ராஜகோபுரத்தைத் தாண்டினால் வீடுகள், கடைகள், சைக்கிள், ஆட்டோ என்று ஒரு முழு ஊரே மதிலுக்குள் இருக்கிறது. அடையவளஞ்சான் வீதி, சித்திரை வீதி, உத்திர வீதி எல்லாம் மக்கள் குடியிருக்கும் திருச்சுற்றுகள். ரங்கா ரங்கா கோபுரத்தில் செருப்பைக் கழற்ற வேண்டும். ஆரியபடாள் வாசலைத் தாண்டினால் கூட்டம் வரிசையாகிவிடும். கடைசியில் கருவறைக்குள் அர்ச்சகர் மட்டுமே செல்வார். ஏழு திருச்சுற்றுகளில் உள்ளே போகப் போக விதிகள் இறுகுகின்றன.

மதில்கள் மட்டும் போதாது. யார் எதைச் செய்யலாம் என்ற பட்டியலும் வேண்டும். கோயில் நிர்வாகம் திருவரங்கத்தமுதனார் கையில் இருந்ததாகவும், பின்னர் கூரத்தாழ்வான் வழியாக அது ராமானுஜரிடம் வந்ததாகவும் வைணவ மரபு சொல்கிறது. சாவி கைக்கு வந்தவுடன் ராமானுஜர் எல்லாவற்றையும் தானே செய்யவில்லை. கோயில் பணியாளர்களைப் பத்துக் கொத்தாகப் பிரித்து, அவரவர் வேலையை வகுத்தார் என்று கோயிலொழுகு என்னும் கோயில் வரலாற்று நூல் கூறுகிறது. மடைப்பள்ளியில் வேலை செய்பவருக்கு நகைப் பெட்டியின் சாவி எதற்கு? நகைக்குப் பொறுப்பானவர் பிரசாதத்தில் ஏன் கை வைக்க வேண்டும்? வேலைக்குத் தேவையான அளவுக்கே அதிகாரம். இன்றைய கணினிப் பாதுகாப்புப் பாடநூல்கள் முதல் அத்தியாயத்தில் சொல்லும் விதியும் இதுதான்.

இங்கே ஒன்றைப் பிரித்துப் பார்க்க வேண்டும். உள்ளே வரும் உரிமை வேறு, சாவி வைத்திருக்கும் உரிமை வேறு. பிறப்பைக் காட்டி மனிதர்களை வாசலிலேயே நிறுத்திய அநீதியைச் சென்னை மாகாணத்தில் 1947-ஆம் ஆண்டின் ஆலயப் பிரவேசச் சட்டம் தடை செய்தது. எல்லோரும் வரலாம் என்றானபின்னும் உண்டியல் சாவி எல்லோர் கையிலும் கொடுக்கப்படவில்லை. கணினியும் அப்படித்தான். பயன்படுத்த எல்லோருக்கும் உரிமை உண்டு. அடித்தளத்தை மாற்றும் உரிமைதான் பூட்டி வைக்கப்பட்டிருக்கிறது.

கணினிக்குப் பூட்டு வந்த நாள்

ஆரம்ப காலக் கணினிகளில் ஒரு நேரத்தில் ஒருவர் வேலைதான் ஓடும். அதனால் பூட்டு தேவைப்படவில்லை. அமெரிக்காவின் எம்.ஐ.டி. பல்கலைக்கழகத்தில் ஃபெர்னாண்டோ கோர்பட்டோ குழுவினர் 1961-ல் சி.டி.எஸ்.எஸ். என்ற அமைப்பைச் செய்து காட்டினர். ஒரே கணினியைப் பலர் ஒரே நேரத்தில் பயன்படுத்தலாம்! வசதி வந்ததும் வம்பும் வந்தது. ஒருவர் கோப்பை இன்னொருவர் படித்துவிட்டால்? ஆகவே ஆளுக்கொரு கடவுச்சொல் கொடுக்கப்பட்டது.

அதுவும் 1966-ல் ஒரு நாள் கவிழ்ந்தது. அன்றைய செய்தியைத் திருத்திக்கொண்டிருந்த கோப்பும், கடவுச்சொற்கள் அடங்கிய கோப்பும் மென்பொருள் குழப்பத்தால் இடம் மாறிவிட்டன. கணினிக்குள் நுழைந்த ஒவ்வொருவருக்கும் வரவேற்புச் செய்தியாக எல்லோருடைய கடவுச்சொல்லும் வரிசையாகத் தெரிந்தது! எவரும் திருடவில்லை. அதிகாரம் உள்ளவர் கையில் நேர்ந்த சிறு பிசகுதான். நிர்வாகி உரிமை என்றாலே ஆபத்தும் உடன் வரும் என்பதற்கு இது ஆரம்பகால உதாரணம்.

அதே எம்.ஐ.டி. அடுத்து பெல் லேப்ஸ், ஜெனரல் எலக்ட்ரிக் நிறுவனங்களோடு சேர்ந்து உருவாக்கிய மல்டிக்ஸ் இயங்குதளத்தில்தான் ஸ்ரீரங்கத்து மதில்கள் நினைவுக்கு வருகின்றன. அதில் 0 முதல் 7 வரை வளையங்கள் இருந்தன. நடு வளையத்தில் இயங்குதளத்தின் உயிர்நாடி. வெளி வளையங்களில் சாதாரண நிரல்கள். வெளியே இருப்பது உள்ளே நுழைய வேண்டுமானால் அதற்கென்று வைத்த வாசல் வழியாகவே வர வேண்டும். இன்டெல் நிறுவனம் 1982-ல் வெளியிட்ட 80286 சில்லில் இதே எண்ணம் நான்கு வளையங்களாக வந்தது. விண்டோஸும் லினக்ஸும் அவற்றில் நடு வளையத்தையும் கடைசி வளையத்தையும் மட்டும் பயன்படுத்தின.

மல்டிக்ஸிலிருந்து பெல் லேப்ஸ் விலகியபின், அங்கே 1969-ல் கென் தாம்சனும் டென்னிஸ் ரிச்சியும் யூனிக்ஸைத் தொடங்கினர். யூனிக்ஸ் இதை இன்னும் எளிமையாக்கியது. எண் 0 கொண்ட ‘ரூட்’ என்ற ஒரே பயனருக்கு எல்லா அதிகாரமும் உண்டு. மற்றவர்கள் எல்லோரும் சாதாரணக் குடிமக்கள். ஆனால் ஒரு சிக்கல். கடவுச்சொல் கோப்பைத் திருத்த ரூட்டுக்கு மட்டுமே உரிமை. அப்படியானால் சாதாரணப் பயனர் தன் சொந்தக் கடவுச்சொல்லை எப்படி மாற்றுவார்? ரிச்சி ஒரு வழி கண்டார். கடவுச்சொல் மாற்றும் அந்த ஒரு நிரலுக்கு மட்டும், அது ஓடும் நேரத்துக்கு மட்டும், ரூட்டின் அதிகாரம் கிடைக்கும். வேலை முடிந்ததும் அதிகாரமும் போய்விடும். 1979-ல் இதற்குக் காப்புரிமையும் வழங்கப்பட்டது.

அதிகாரம் ஆளுக்கு நிரந்தரமாகத் தரப்படுவதில்லை, வேலைக்குத் தற்காலிகமாகத் தரப்படுகிறது. அமெரிக்காவின் பஃபலோ பல்கலைக்கழகத்தில் 1980-ஐ ஒட்டி பாப் காகஷால், கிளிஃப் ஸ்பென்சர் இருவரும் எழுதிய ‘சூடோ’ கட்டளை இதையே நீட்டித்தது. 2004-ல் வந்த உபுண்டு லினக்ஸ் ரூட் கணக்கையே பூட்டிவிட்டு, எல்லாவற்றையும் சூடோ வழியாகச் செய்யச் சொன்னது.

எல்லோரும் இந்நாட்டு நிர்வாகிகள்

இவ்வளவு பாடமும் படித்து முடித்த உலகத்தில்தான் பி.சி. வந்தது. வந்ததும் எல்லாம் மறந்துபோயிற்று! 1981-ல் வந்த எம்.எஸ்.டாஸில் பயனர் என்ற கருத்தே இல்லை. முன்னால் உட்கார்ந்தவர் எவரோ அவரே ராஜா. விண்டோஸ் 95, 98 ஆகியவற்றில் பெயரும் கடவுச்சொல்லும் கேட்கும் பெட்டி வரும். ‘கேன்சல்’ அழுத்தினால் அதுபாட்டுக்கு உள்ளே விட்டுவிடும். கோப்புகளுக்கு யார் சொந்தக்காரர் என்று எழுதிவைக்க வட்டில் இடமே ஒதுக்கப்படவில்லை.

மைக்ரோசாஃப்டுக்குள் இன்னொரு குழுவுக்குப் பழைய பாடம் மறக்கவில்லை. டெக் நிறுவனத்திலிருந்து வந்த டேவ் கட்லர் தலைமையில் உருவான விண்டோஸ் என்.டி. 1993-ல் வெளியானது. அதில் ஒவ்வொரு கோப்புக்கும் யார் படிக்கலாம், யார் திருத்தலாம் என்ற பட்டியல் உண்டு. 2001 அக்டோபரில் வந்த எக்ஸ்பி இந்த என்.டி. வழியில் பிறந்ததுதான். ஆனால் விண்டோஸ் 98-ல் பழகிய மக்களும் மென்பொருள்களும் திணறக் கூடாது என்று, நிறுவும்போது உருவாக்கும் கணக்குகள் எல்லாமே அட்மினிஸ்ட்ரேட்டர்! பலர் கடவுச்சொல்கூட வைக்கவில்லை. வீட்டைச் சுற்றி மதில் கட்டி, சாவியை வாசலிலேயே தொங்கவிட்டது போல ஆயிற்று.

தமிழ் எழுத வந்தவர்கள்தாம் இந்தப் பூட்டை முதலில் உணர்ந்தவர்களில் சேர்வார்கள். எக்ஸ்பியில் தமிழ் யூனிகோட் சரியாகத் தெரிய, ‘ரீஜனல் அண்ட் லாங்வேஜ் ஆப்ஷன்ஸ்’ பகுதிக்குப் போய் ஒரு கட்டத்தில் டிக் செய்ய வேண்டும். உடனே விண்டோஸ் சி.டி.யைக் கேட்கும். நிர்வாகி அனுமதியும் வேண்டும். இ-கலப்பை போன்ற எழுதியை நிறுவவும் அதே அனுமதி தேவை. எழுத்துரு போட வேண்டுமானால் அது விண்டோஸின் சொந்த ஃபோல்டர், அங்கேயும் அதே கதை. சத்திரம் பேருந்து நிலையத்துப் பக்கமோ தில்லைநகரிலோ பிரவுசிங் சென்டரில் மணிக்கணக்கில் காசு கொடுத்து உட்கார்ந்தவருக்கு இரண்டே வழி. சென்டர்காரர் பூட்டி வைத்திருந்தால், தமிழ்ப் பக்கங்கள் கட்டம் கட்டமாகவே தெரியும். பூட்டாமல் விட்டிருந்தால், தமிழ் வரும். கூடவே வைரஸும் வரும்!

பென் டிரைவில் ஃபோல்டர் போலவே படம் போட்டுக்கொண்டு வந்த ‘நியூ ஃபோல்டர்’ புழுக்களை அந்தக் கால மாணவர்கள் மறந்திருக்க மாட்டார்கள். இரட்டைக் கிளிக் செய்தால் திறப்பது ஃபோல்டர் அல்ல, நிரல். கணக்கு அட்மினிஸ்ட்ரேட்டர் ஆகையால் அந்த நிரலும் அட்மினிஸ்ட்ரேட்டர். அது முதலில் செய்யும் வேலை, தன்னை யாரும் நிறுத்திவிடாதபடி டாஸ்க் மேனேஜரை முடக்குவது. பிறகு கன்ட்ரோல், ஆல்ட், டெலிட் அழுத்தினால் வரும் செய்தி: ‘டாஸ்க் மேனேஜர் உங்கள் அட்மினிஸ்ட்ரேட்டரால் முடக்கப்பட்டுள்ளது’! உண்மையான நிர்வாகி திரைக்கு முன் விழித்துக்கொண்டிருக்க, திருடன் நாற்காலியில் அமர்ந்துவிட்டான். எல்லோருக்கும் எல்லாச் சாவியும் கொடுத்ததன் விலை இது.

கேட்டுக்கொண்டே இருந்த விஸ்டா

2007 ஜனவரியில் வீடுகளுக்கு வந்த விஸ்டா இதைத் திருத்தப் பார்த்தது. அதில் வந்ததுதான் யு.ஏ.சி. எனப்படும் பயனர் கணக்குக் கட்டுப்பாடு. நிர்வாகியாகவே உள்ளே நுழைந்தாலும் விண்டோஸ் அவருக்கு இரண்டு அடையாளச் சீட்டுகள் எழுதும். ஒன்று சாதாரணச் சீட்டு, மற்றது முழு அதிகாரச் சீட்டு. அன்றாட வேலைகள் சாதாரணச் சீட்டில் ஓடும். பெரிய வேலை வந்தால் திரை மங்கி, ‘இதற்கு அனுமதி தரலாமா?’ என்று கேட்கும். ‘ஆம்’ என்றால் அந்த ஒரு நிரலுக்கு மட்டும் முழுச் சீட்டு. திரை மங்குவது அழகுக்கு இல்லை. வேறு எந்த நிரலும் அந்த ‘ஆம்’ பொத்தானைத் தானே அழுத்திவிடாதபடி தனித் திரையில் கேட்கிறது.

எண்ணம் நல்லது, ஆனால் மக்கள் கொதித்துவிட்டார்கள். எதற்கெடுத்தாலும் கேள்வி! ஆப்பிள் நிறுவனம் இதைக் கேலி செய்தே விளம்பரம் எடுத்தது. உண்மையான தவறு பழைய மென்பொருள்களில் இருந்தது. எல்லோரும் அட்மினிஸ்ட்ரேட்டர் என்று நம்பி எழுதப்பட்ட அவை, தங்கள் அமைப்புக் கோப்புகளையும் கணக்குகளையும் ‘புரோகிராம் ஃபைல்ஸ்’ ஃபோல்டருக்குள்ளேயே எழுதின. விஸ்டா அந்த இடத்தைப் பூட்டியதும் அவை தடுமாறின. சிலவற்றுக்கு விண்டோஸ் ஒரு தந்திரம் செய்தது. புரோகிராம் ஃபைல்ஸில் எழுதுவதாக நிரலை நம்பவைத்து, கோப்பை ‘விர்ச்சுவல் ஸ்டோர்’ என்ற தனி இடத்தில் ஒளித்து வைத்தது. ‘சேவ் செய்த கோப்பைக் காணோம்!’ என்று பலர் தேடியது இதனால்தான்.

2008-ல் நடந்த ஆர்.எஸ்.ஏ. பாதுகாப்பு மாநாட்டில் மைக்ரோசாஃப்டின் டேவிட் கிராஸ் ஒளிவு மறைவின்றிப் பேசினார். பயனர்களை எரிச்சலூட்டுவதுதான் யு.ஏ.சி.யின் நோக்கமே என்றார். பயனர் எரிச்சலடைந்தால் மென்பொருள் நிறுவனத்தைத் திட்டுவார், நிறுவனம் நிரலைத் திருத்தும் என்பது கணக்கு. அது ஓரளவு பலித்தது. 2009 அக்டோபரில் விண்டோஸ் 7 வந்தபோது கேள்விகள் குறைந்திருந்தன. எவ்வளவு கேட்கலாம் என்று கூட்டிக் குறைக்கும் வசதியும் வந்தது.

ஸ்ரீரங்கத்துக்காரரின் இயந்திரம்

ஒவ்வொரு முறையும் அனுமதி கேட்கும் வேறொரு கருவி கோடிக்கணக்கான இந்தியர்களுக்குத் தெரியும். அதோடு ஸ்ரீரங்கத்துக்கும் ஒரு தொடர்பு உண்டு. எழுத்தாளர் சுஜாதா ஸ்ரீரங்கத்தில் பாட்டி வீட்டில் வளர்ந்து, திருச்சி செயின்ட் ஜோசப் கல்லூரியில் இயற்பியல் படித்தவர். பெங்களூர் பாரத் எலக்ட்ரானிக்ஸ் நிறுவனத்தில் ரங்கராஜன் என்ற பொறியாளராக, மின்னணு வாக்குப்பதிவு இயந்திரத்தின் வடிவமைப்பை மேற்பார்வையிட்டார். அந்த இயந்திரத்தில் வாக்காளர் பொத்தானை அழுத்தினால் மட்டும் வாக்கு விழாது. அதற்கு முன் அலுவலர் தன் மேஜையிலுள்ள கருவியில் ‘பேலட்’ பொத்தானை அழுத்த வேண்டும். ஒரு அனுமதிக்கு ஒரே வாக்கு. அடுத்தவருக்கு மீண்டும் அனுமதி.

அந்த இயந்திரத்துக்கே ஒரு முறை ‘அனுமதி மறுக்கப்பட்டது’! 1982-ல் கேரளத்தின் பரவூர் தொகுதியில் 50 வாக்குச்சாவடிகளில் முதன்முதலாக அது பயன்பட்டது. தோற்ற வேட்பாளர் வழக்குத் தொடர, 1984-ல் உச்ச நீதிமன்றம் சட்டத்தில் இதற்கு இடமில்லை என்று சொல்லிவிட்டது. அந்தச் சாவடிகளில் வாக்குச் சீட்டு வைத்து மறுபடி தேர்தல் நடந்தது. 1988 டிசம்பரில் மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம் திருத்தப்பட்ட பிறகுதான் வழி திறந்தது. இயந்திரம் நன்றாக ஓடுவது வேறு, ஓட அதற்கு அதிகாரம் இருப்பது வேறு.

சாவி மாணவர் கையில்

2011 செப்டம்பர் 15 அன்று தமிழ்நாடு அரசின் விலையில்லா மடிக்கணினித் திட்டம் தொடங்கியது. அதைத் தொடங்கிவைத்த முதல்வர் ஜெயலலிதா அப்போது ஸ்ரீரங்கம் தொகுதியின் சட்டமன்ற உறுப்பினர். பள்ளி லேபிலும் பிரவுசிங் சென்டரிலும் யாரோ ஒருவர் பூட்டிய கணினியை மட்டுமே பார்த்திருந்த பல மாணவர்கள், முதன்முறையாகத் தாங்களே அட்மினிஸ்ட்ரேட்டர் ஆனார்கள். சாவி கிடைத்தது. அதை எப்படிப் பயன்படுத்துவது என்ற கேள்வியும் சேர்ந்தே வந்தது. அதற்கான பதில் இனி.

பிழை வந்தால் என்ன செய்வது?

1. முதலில் அந்த நிரல் எங்கிருந்து வந்தது என்று பாருங்கள். தயாரித்தவரின் சொந்தத் தளத்திலிருந்து வந்ததா, யாரோ கொடுத்த பென் டிரைவிலிருந்தா? நம்பிக்கை இல்லையென்றால் இங்கேயே நிறுத்திவிடலாம். பூட்டு தன் வேலையைச் செய்திருக்கிறது.

2. நம்பகமானது என்றால் அதன் மேல் ரைட் கிளிக் செய்து ‘ரன் அஸ் அட்மினிஸ்ட்ரேட்டர்’ கொடுக்கலாம். நிறுவும் கோப்புகளுக்குப் பெரும்பாலும் இது ஒரு முறை போதும்.

3. நிறுவிய பிறகும் தினமும் இந்த அனுமதி கேட்டால், அந்த நிரல் எங்கோ எழுதக்கூடாத இடத்தில் எழுதுகிறது. அதை வேறொரு ஃபோல்டரில் நிறுவிப் பார்க்கலாம். அல்லது அந்த ஒரு ஃபோல்டரின் ‘ப்ராப்பர்ட்டீஸ்’ சென்று, ‘செக்யூரிட்டி’ பகுதியில் தன் கணக்குக்கு மட்டும் ‘மாடிஃபை’ உரிமை தரலாம். ‘கம்பேட்டிபிலிட்டி’ பகுதியில் எப்போதும் நிர்வாகியாக இயக்கு என்று டிக் செய்வது கடைசி வழி.

4. இணையத்திலிருந்து இறக்கிய கோப்பு திறக்கவில்லையா? ‘ப்ராப்பர்ட்டீஸ்’ முதல் பக்கத்தின் அடியில் ‘அன்பிளாக்’ என்று ஒரு கட்டம் இருக்கிறதா என்று பாருங்கள்.

5. நிர்வாகியாக இயக்கியும் ‘டாக்குமென்ட்ஸ்’ ஃபோல்டரில் சேமிக்க முடியவில்லை என்றால், விண்டோஸ் செக்யூரிட்டியில் ‘கன்ட்ரோல்டு ஃபோல்டர் ஆக்சஸ்’ இயங்கிக்கொண்டிருக்கலாம். கோப்புகளைப் பூட்டிப் பணம் பறிக்கும் நிரல்களுக்கு எதிராக 2017-ல் வந்த காவல் அது. அதை அணைக்காமல், அந்த ஒரு நிரலை மட்டும் அனுமதிப் பட்டியலில் சேர்க்கலாம்.

6. எல்லாமே அனுமதிப் பிழை இல்லை. கல்லூரி லேபின் பழைய டர்போ சி, 64 பிட் விண்டோஸில் எத்தனை முறை நிர்வாகியாக இயக்கினாலும் திறக்காது. 16 பிட் நிரல்களை அது இயக்குவதே இல்லை. அதற்கு டாஸ்பாக்ஸ் வேண்டும்.

7. கணினி கல்லூரியுடையதோ அலுவலகத்துடையதோ என்றால், பொறுப்பாளரைக் கேட்பது ஒன்றே வழி.

செய்யக் கூடாதவை: யு.ஏ.சி.யை முழுவதும் அணைப்பது, சி டிரைவ் முழுவதற்கும் ‘எவ்ரிஒன் – ஃபுல் கன்ட்ரோல்’ கொடுப்பது, லினக்ஸில் எல்லாவற்றுக்கும் 777 போடுவது. இவை பிழையைச் சரி செய்வதில்லை. 2001-க்கே திரும்பிப் போவதுதான்.

முடிவாக

பூட்டு வைத்தவர்களும் பாடம் கற்றிருக்கிறார்கள். எழுத்துரு ஒன்றைப் போட எதற்கு நிர்வாகி? 2018 இறுதியில் வந்த விண்டோஸ் 10 புதுப்பிப்பிலிருந்து, ஒருவர் தன் கணக்குக்கு மட்டும் எழுத்துருவை அனுமதி கேட்காமலே நிறுவிக்கொள்ளலாம். பிரவுசிங் சென்டரில் கட்டங்களைப் பார்த்துத் திரும்பிப் போன தமிழ் வாசகர்களுக்கு அந்த வசதி பதினைந்து வருடம் தாமதம்தான். ஆனாலும் சரியான திசை. அனுமதி தேவைப்படாதபடி வேலையை மாற்றுவதுதான் அனுமதிப் பிழைக்கு நல்ல தீர்வு.

உள் வளையத்தில் நம்பிக்கையானவர்கூட எத்தனை சேதம் செய்ய முடியும் என்பதை 2024 ஜூலை 19 காட்டியது. கிரவுட்ஸ்டிரைக் என்ற பாதுகாப்பு நிறுவனத்தின் மென்பொருள் விண்டோஸின் நடு வளையத்தில் ஓடுவது. அதன் புதுப்பிப்பில் இருந்த ஒரு பிழையால் சுமார் 85 லட்சம் கணினிகள் நீலத் திரையோடு நின்றன. இந்திய விமான நிலையங்கள் சிலவற்றில் போர்டிங் பாஸைக் கையால் எழுதிக் கொடுத்தார்கள். திருடன் யாரும் வரவில்லை. காவல்காரர் கருவறைக்குள் தடுக்கி விழுந்தார், அவ்வளவுதான்.

ஆகவே அடுத்த முறை திரை மங்கி, ‘அனுமதி தரலாமா?’ என்று கேட்கும்போது உடனே ‘ஆம்’ அழுத்த வேண்டாம். கேட்பது யார், எந்த வேலைக்காக என்று ஒரு நொடி படித்துப் பாருங்கள். அந்த ஒரு நொடிக்காகத்தான் இத்தனை மதில்களும்!